கையைக் கடிக்கிற பிள்ளையும் ஸ்கின்னரின் வேர்க் கேள்வியும்

புதுச்சேரி லாஸ்பேட்டையிலோ கடலூர் மஞ்சக்குப்பத்திலோ ஆட்டிசம் உள்ள பிள்ளையைத் தெரபிக்குக் கூட்டிக்கொண்டு போகும் வீட்டாரிடம் "என்ன பிரச்சனை?" என்று கேட்டால், பதில் சுற்றிச் சுற்றி மூன்று சொற்களில் வந்து நிற்கும்: கோவம், பிடிவாதம், ஹைப்பர். ஃபைலிலும் பல நேரம் அதே சொற்கள்தான் ஏறும். கொஞ்சம் நின்று கேட்டால் பேச்சு இப்படிப் போகும்.

"எழுதச் சொன்னா ஏன் ஓடுறான்?"

"ஹைப்பருங்க."

"ஹைப்பர்னு எப்படித் தெரியும்?"

"ஒரு இடத்துல உக்காரவே மாட்டேங்குறானே!"

ஓடுவதைப் பார்த்து ஒரு பெயர் வைத்தோம். பிறகு அந்தப் பெயரையே ஓடுவதற்குக் காரணம் என்றோம். அமெரிக்க உளவியலாளர் பி.எஃப். ஸ்கின்னர் (1904–1990) வாழ்நாள் முழுக்க எதிர்த்தது இந்தச் செக்குமாட்டுச் சுற்றைத்தான். இதில் உள்ள நஷ்டம் பெரியது. பெயர் கிடைத்தவுடன் தேடுவதை நிறுத்திவிடுகிறோம். பிடிவாதத்தை யாரும் கையில் எடுத்து மாற்ற முடியாது. நோட்டை எத்தனை மணிக்குப் பிரிக்கிறோம், எத்தனை வரி எழுதச் சொல்கிறோம், பிள்ளை கடித்த அடுத்த நொடியில் யார் என்ன செய்கிறோம் என்பதையெல்லாம் மாற்ற முடியும்.

ஆட்டிசம் என்ற சொல்லையும் இப்படிக் காரணமாக்கிவிடுகிறோம். சான்றிதழ் வேண்டும்தான். 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் சொல்லும் 21 வகைகளில் ஆட்டிசமும் ஒன்று. சலுகைகளுக்கெல்லாம் அந்தக் காகிதம்தான் கேட்பார்கள். ஆனால் "ஆட்டிசம் இருக்கு, அதனால கடிக்கிறான்" என்பதில் விளக்கம் எதுவும் இல்லை. மாலை ஆறேகாலுக்குக் கடிக்கிறவன் நாலரைக்குக் கடிக்கவில்லை. ஆட்டிசம் நாலரைக்கும் இருந்ததே. அப்படியானால் ஆறேகாலுக்கு என்ன வந்தது, நாலரைக்கு என்ன இல்லை? நடத்தைக்குச் சூழலில் காரணம் தேடி மாற்றும் முறையான, ஏபிஏ என்று நாம் சுருக்கிச் சொல்லும் பயன்பாட்டு நடத்தைப் பகுப்பாய்வு முழுக்க இந்த ஒரு கேள்வியின் மேல்தான் நிற்கிறது.

அந்தக் கேள்விக்குப் பின்னால் உள்ள தத்துவத்துக்கு ரேடிகல் பிஹேவியரிசம் என்று பெயர். தமிழில் 'தீவிர நடத்தைவாதம்' என்று பெயர்த்துவிடுவதால், ஏதோ முரட்டுப் பிடியாளர்களின் கொள்கை போல ஒலிக்கிறது. லத்தீனில் ராடிக்ஸ் என்றால் வேர். முள்ளங்கிக்கு ஆங்கிலத்தில் ராடிஷ் என்று பெயர் வந்ததும் அதிலிருந்துதான். வேர் வரை போகும் நடத்தையியல் என்று சொன்னால் பொருள் சரியாக விழும்.

வேர் வரை என்றால் எதுவரை? ஸ்கின்னரைப் பற்றி நம் பி.எட். வகுப்புகளில் சொல்லித்தரும் பெரிய தவறு இங்கேதான் இருக்கிறது. "அவர் மனசு, உணர்ச்சி எதையும் ஒத்துக்கொள்ளாதவர்" என்பார்கள். 1913-இல் உளவியலாளர் ஜான் பி. வாட்சன் நடத்தைவாதத்தைத் தொடங்கிவைத்த விதத்துக்கு அது ஏறக்குறையப் பொருந்தும்: வெளியே தெரிவதை மட்டும் ஆராய்வோம், உள்ளே இருப்பதை ஒதுக்கி வைப்போம் என்பது அவர் வழி. ஸ்கின்னர் 1945-இல் எழுதிய கட்டுரையில் அந்த வேலியைப் பிடுங்கிப் போட்டார். தோலுக்குள்ளே நடப்பதும் நடப்பதுதான் என்றார். பல்வலியும் யோசனையும் பயமும் உண்மை. ஒருவர் மட்டுமே அவற்றை உணர முடிகிறது என்பதுதான் வேறுபாடு. அவற்றுக்கென்று தனி விதிகள் கிடையாது. வெளி நடத்தைக்கு எப்படிக் காரணம் தேடுகிறோமோ அப்படியே அவற்றுக்கும் தேட வேண்டும்.

அந்தக் கட்டுரையில் அவர் எழுப்பிய கேள்வி இது: அம்மாவுக்குத் தெரியாத வலிக்கு, அம்மா எப்படிப் பிள்ளைக்குச் சொல் கற்றுக்கொடுக்கிறார்? சிவப்பு என்று கற்றுக்கொடுப்பது எளிது, இருவருமே பூவைப் பார்க்கிறோம். வலியை இருவரும் பார்ப்பதில்லை. அதனால் வெளியே தெரியும் ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொண்டுதான் ஊர் அந்தச் சொல்லைக் கற்றுக்கொடுக்கிறது. முட்டி சிராய்ந்து ரத்தம் வந்தால் "வலிக்குதா கண்ணு" என்கிறோம். பிள்ளை கன்னத்தைப் பிடித்துக்கொண்டு முனகினால் "பல்லு வலிக்குதா" என்கிறோம். மூன்றாவது வழி உவமை. நம் மொழியில் இந்த வழி எவ்வளவு அகலம் என்று பாருங்கள். பல் குடைகிறது. வயிறு முறுக்குகிறது. நெஞ்சு எரிகிறது. தலை இடிக்கிறது. கால் இழுக்கிறது. முள் குத்தின இடம் சுருக்கென்கிறது, கட்டி விண்விண் என்று தெறிக்கிறது. வண்டு மரத்தைக் குடைவதும், துணியை முறுக்கிப் பிழிவதும், அடுப்பு எரிவதும், உரலில் இடிப்பதும் எல்லோர் கண்ணுக்கும் தெரிந்த வேலைகள். கண்ணுக்குத் தெரிந்ததிலிருந்து கடன் வாங்கித்தான் தெரியாததைச் சொல்கிறோம். ஸ்கின்னரின் வாதத்துக்குத் தமிழைவிட நல்ல சாட்சி கிடைக்காது என்பது என் எண்ணம்.

இது வெறும் தத்துவம் இல்லை. சொல் குறைவாக உள்ள பிள்ளை கையைக் கடித்தால், திட்டம் போடுவதற்கு முன்னால் உடம்பைப் பார்க்க வேண்டும் என்ற விதி இங்கிருந்துதான் வருகிறது. சொத்தைப் பல், காதில் சீழ், மலச்சிக்கல், குடற்புழு, பெண் பிள்ளையானால் மாதவிடாய் வலி. ஜிப்மருக்கோ கடலூர் அரசு மருத்துவமனைக்கோ ஒரு நடை போய்ப் பல்லையும் காதையும் காட்டிவிட்டு வந்த பிறகு மற்றதைப் பேசலாம். எழுதச் சொல்லும்போது மட்டும் கடிப்பது ஒரு மாதிரி. தூக்கத்தின் நடுவிலும், சாப்பிட்டு முடித்த பிறகும், யாரும் எதுவும் கேட்காதபோதும் கடிப்பது வேறு மாதிரி. இரண்டாவதைப் பார்த்தால் முதலில் டாக்டர். மலம் கழித்த நாளை ஒரு காலண்டரில் குறித்துவைத்து, கடித்த எண்ணிக்கையோடு பக்கத்தில் வைத்துப் பார்ப்பது ஒரு ரூபாய் செலவில்லாத வேலை. மூன்று நாள் போகாதபோது எண்ணிக்கை ஏறுகிறது என்று அந்தக் காலண்டர் பல நேரம் சொல்லிவிடும்.

"வலிக்குது" என்ற சொல்லைக் கற்றுக்கொடுக்க அட்டைப்படம் உதவாது. அழுகிற முகத்தின் படத்தைக் காட்டிச் சொல்லவைத்தால், பிள்ளை அந்தப் படத்தின் பெயரைக் கற்றுக்கொள்ளும், அவ்வளவுதான். நிஜமாக அடிபட்ட நேரம்தான் பாடவேளை. விழுந்த இரண்டு மூன்று நொடிக்குள் அடிபட்ட இடத்தைத் தொட்டு, "வலிக்குது, முட்டி வலிக்குது" என்று அவன் சொல்ல வேண்டிய வாக்கியத்தை நாம் சொல்லி, அவன் முனகலோ கைசாடையோ காட்டியவுடன் ஊதிவிட்டு, தண்ணீர் ஊற்றி, ஆறுதல் தர வேண்டும். மாதத்துக்கு ஐந்தாறு வாய்ப்புகள்தான் கிடைக்கும் என்பதால் நாளாகும். அம்மா, அப்பா, டீச்சர், வேன் அண்ணன் எல்லோரும் ஒரே வாக்கியத்தைச் சொன்னால் சீக்கிரம் பிடிபடும்.

திங்கட்கிழமை காலை எட்டு மணிக்கு வரும் "வயிறு வலிக்குது" தனிக் கதை. அதைப் பொய் என்பது இன்னொரு பெயர்தான், அதுவும் எதையும் விளக்குவதில்லை. அதே சொல் இரண்டு வேறு பிடிகளில் இருக்கிறது: ஒரு நேரம் வயிற்றின் பிடியில், ஒரு நேரம் பள்ளிக்கூட வேனின் பிடியில். பள்ளியில் எந்தப் பீரியட் கடினமாக இருக்கிறது என்று தேடுவதே அடுத்த வேலை.

இப்போது கடிக்கிற பையனுக்கு வருவோம். விளக்கத்துக்காக ஒரு மாதிரிக் குடும்பத்தை வைத்துக்கொள்ளலாம். முதலியார்பேட்டை, ஏழு வயது, ஒன்றாம் வகுப்பு. முதல் வேலை, கடித்தல் என்றால் என்ன என்று எழுதுவது. 'மேல்பல்லும் கீழ்ப்பல்லும் தோலில் பட்டு மூடுவது. கையை வாயில் வைத்துச் சப்புவது கணக்கில் சேராது. பல்லை எடுத்து 3 நொடி கழித்து மறுபடி கடித்தால் புதிய எண்ணிக்கை.' இவ்வளவு நுணுக்கமாக எழுதாமல் "சுயதுன்புறுத்தல்" என்று மட்டும் எழுதினால் அம்மா 9 என்று எண்ணுவார், டீச்சர் 12 என்று எண்ணுவார். சின்ன எண்ணைப் பெரிய எண்ணால் வகுத்து நூறால் பெருக்கினால், இருவரும் ஒத்துப்போகும் அளவு 75 சதம். வழக்கமாக 80 சதத்துக்குக் கீழே வந்தால் அந்த டேட்டாவை நம்புவதில்லை. அப்போது பிள்ளையைத் திருத்தப் போகாமல் வரையறையைத் திருத்த வேண்டும்.

பிறகு நான்கு கட்டம் போட்ட தாள்: நேரம், முன்னால் நடந்தது, நடத்தை, பின்னால் நடந்தது. ஐந்து நாள் எதையும் மாற்றாமல் குறிக்க வேண்டும். ஒரு நாளின் தாள் இப்படி இருக்கும். 6.12: அம்மா தமிழ் நோட்டைப் பிரித்து "ஒரு பக்கம் எழுது" என்றார், இடது மணிக்கட்டைக் கடித்தான், "சரி சரி வேணாம்" என்று நோட்டு மூடப்பட்டது. 6.40: அப்பா கணக்குக்குக் கூப்பிட்டார், கடித்தான், பாட்டி ஓடி வந்து மடியில் போட்டுக்கொண்டார், கணக்கு நின்றது. 7.05: டிவி, பக்கத்தில் யாரும் இல்லை; கடிக்கவில்லை. 7.30: போன் பிடுங்கப்பட்டது, அழுதான், கடிக்கவில்லை. இதில் 'பின்னால்' கட்டத்தில் "சமாதானம் ஆனான்" என்று எழுதுவதுதான் வழக்கமாக நடக்கும் தப்பு. பிள்ளை என்ன ஆனான் என்பது அங்கே வேண்டாம். சுற்றியிருப்பவர்கள் என்ன செய்தார்கள் என்பது வேண்டும்.

7.05 வரி, யாரும் கவனிக்காதபோது கடிப்பதில்லை என்கிறது; ஆகவே வெறும் உடல் சுகத்துக்காக இல்லை. 7.30 வரி, பொருளுக்காகவும் இல்லை என்கிறது. 6.40 வரியில்தான் குழப்பம்: பாட்டி மடியும் கிடைத்தது, கணக்கும் நின்றது. இரண்டில் எது? இப்படிப் பின்னிக் கிடக்கும் நூலைப் பிரிக்கத்தான் பிரையன் ஐவாட்டாவும் சக ஆய்வாளர்களும் 1982-இல் ஒரு முறையை வெளியிட்டார்கள். கவனிப்பு, வேலை, தனிமை, விளையாட்டு என்று 15 நிமிடச் சூழல்களை மாற்றி மாற்றி அமைத்து, எதில் எண்ணிக்கை ஏறுகிறது என்று பார்ப்பது. ஒன்பது பேரிடம் செய்து பார்த்தார்கள். ஒரே மாதிரி தெரியும் நடத்தை ஆளுக்கு ஆள் வேறு காரணத்தால் நடந்தது. வீட்டில் அதை முழுசாகச் செய்யத் தேவையில்லை. பாட்டி இரண்டு நாள் மாலை முழுக்க மடியில் வைத்துக்கொண்டே இருக்க, எழுத்து வேலையும் வரட்டும். மடி இருந்தும் கடிக்கிறான் என்றால் விடை வேலையிலிருந்து தப்பிப்பது. (தலையைச் சுவரில் மோதுவது, கண்ணைக் குத்திக்கொள்வது போன்றவற்றை வீட்டில் சோதித்துப் பார்க்கவே கூடாது; பயிற்சி பெற்றவரும் டாக்டரும் பக்கத்தில் இருக்க வேண்டும்.)

தப்பித்தல் கடித்தலை வளர்க்கிறது என்பதற்கு நெகட்டிவ் ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் என்று பெயர். நெகட்டிவ் என்றதும் தண்டனை என்று நினைத்துக்கொள்கிறார்கள். கத்திரி வெயிலில் குடை விரிக்கிறோம், சூடு விலகுகிறது, அடுத்த முறையும் விரிக்கிறோம். ஏதோ ஒன்று விலகுவதால் நடத்தை கூடினால் அது நெகட்டிவ். ஏதோ ஒன்று வந்து சேர்வதால் கூடினால் பாசிட்டிவ். இரண்டிலும் நடத்தை கூடுகிறது. கூடினால்தான் ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் என்று சொல்லவே முடியும். சாக்லேட்டை ஒரு டப்பாவில் போட்டு 'ரீஇன்ஃபோர்ஸர்' என்று ஸ்டிக்கர் ஒட்டி வைத்திருப்பது தத்துவத்தை மறந்துவிட்டதற்கு அடையாளம். இரண்டு வாரம் கொடுத்தும், நடத்தையின் எண்ணிக்கையைக் குறிக்கும் கிராஃபில் கோடு ஏறவில்லை என்றால் அது சாக்லேட், அவ்வளவுதான். அவனுக்கு எது வேலை செய்யும் என்று அவனைத்தான் கேட்க வேண்டும். சண்டே மார்க்கெட்டில் வாங்கின பம்பரம், குமிழி ஊதும் டப்பா, கடலை மிட்டாய், ஜவ்வுப் பந்து, விளக்கு எரியும் கார் என்று ஐந்தாறு பொருளை வரிசையாக வைத்து எடுக்கச் சொல்லுங்கள். எடுத்ததை அரை நிமிடம் அனுபவிக்க விட்டு, அதை வரிசையிலிருந்து நீக்கிவிட்டு, மிச்சத்தை இடம் மாற்றி அடுக்கி மறுபடி கேளுங்கள். எல்லாம் தீரும் வரை. இப்படி மூன்று சுற்று. எது எப்போதும் முதலில் போகிறதோ அதை முயன்று பார்க்கலாம். அடுத்த மாதம் பட்டியல் மாறியிருக்கும்.

பட்டியல் ஒரே நாளிலும் மாறும். நான்கு இட்லி சாப்பிட்டவனுக்கு முறுக்கில் சக்தி இல்லை. 1982-இல் நடத்தை ஆய்வாளர் ஜாக் மைக்கேல் இதற்கு ஒரு ஒழுங்கு கொண்டுவந்தார்: ஒரு விளைவின் மதிப்பை அந்த நேரத்துக்கு ஏற்றவும் இறக்கவும் செய்யும் நிலைமைகளைத் தனியாகப் பார்க்கச் சொன்னார். நம் பையனுக்கு இதுதான் மலிவான மருந்து. பள்ளி வேனில் ஒரு மணி நேரம் ஈசிஆர் வெயிலில் வந்தவன், பசியோடு, வேர்க்கும் அறையில், ஆறு மணிக்கு நோட்டைப் பார்க்கிறான். அந்த நேரத்தில் நோட்டு இரண்டு மடங்கு கசக்கும். தின்பண்டம், குளியல், அரை மணி விளையாட்டு, பிறகு ஃபேனுக்குக் கீழே, ஒரு பக்கத்துக்குப் பதில் இரண்டு எழுத்து. கரண்ட் போன நாளில் எழுத்து வேலையே வேண்டாம். இவ்வளவைச் செய்தாலே கடிப்பது பாதியாகக் குறைந்துவிடும் வீடுகள் உண்டு. இதைச் செய்யாமல் நேரே டோக்கன் போர்டுக்கு (வேலை செய்தால் வில்லை சேர்த்துப் பரிசு வாங்கும் பலகை) போவது எனக்கு ஒப்பவில்லை.

மிச்சத்துக்கு மாற்று வழி கற்றுக்கொடுக்க வேண்டும். 1985-இல் எட்வர்ட் காரும் மார்க் டுராண்டும் காட்டிய வழி: கடித்து என்ன வாங்கினானோ அதையே வேறு விதமாகக் கேட்டு வாங்கக் கற்றுக்கொடு. கடிப்பது ஒரு செய்தி போல வேலை செய்கிறது. அதற்குப் பதில் ஒரு சொல்லோ கார்டோ கொடு. எங்கள் பக்கத்தில் பலரும் 'ப்ரேக்' கார்டு என்பார்கள். 'போதும்' என்று எழுதினாலும் சரிதான், வீட்டில் பாட்டி படிக்க முடிகிற சொல்லாக இருக்கட்டும்.

உள்ளங்கைக்குள் அடங்கும் கார்டு, லேமினேட் செய்தது, நோட்டின் பக்கத்தில் கையெட்டும் தூரத்தில். முதல் மூன்று நாள் இரண்டு பேர் வேண்டும். ஒருவர் எதிரே, ஒருவர் பின்னால். எதிரே இருப்பவர் நோட்டை வைத்தவுடன், கடிப்பதற்கு முன்னால், பின்னால் இருப்பவர் பேசாமல் கையைப் பிடித்துக் கார்டை எடுத்து நீட்டவைக்கிறார். எதிரே இருப்பவர் அந்த நொடியே "போதுமா, சரி" என்று நோட்டை எடுத்துவிடுகிறார். ஒரு நிமிடம் டைமர். மறுபடி நோட்டு. ஓர் அமர்வில் பத்து முறை. நாலாவது நாளிலிருந்து பின்னால் இருப்பவர் 2 நொடி காத்திருந்து உதவுகிறார், பிறகு 4 நொடி. பத்தில் எட்டு முறை அவனாகவே எடுப்பது இரண்டு நாள் தொடர்ந்தால் அடுத்த படி: ஓர் எழுத்து எழுதின பிறகு கார்டு செல்லும். பிறகு இரண்டு, நான்கு, ஒரு வரி.

கெட்டுப்போவது எங்கெங்கே? கடித்த பிறகு பதறிப்போய்க் கார்டை எடுக்கவைப்பது ஒன்று. அப்படிச் செய்தால் 'கடி, கார்டு எடு, ஓய்வு வாங்கு' என்று மூன்றையும் ஒரே சங்கிலியாகக் கற்றுக்கொள்வான், கடிப்பது அந்தச் சங்கிலியின் முதல் வளையமாக நின்றுவிடும். கடித்துவிட்டால் பல்லுக்கும் தோலுக்கும் நடுவே மெத்தென்ற துணியை வைத்துத் தடுத்து, திட்டாமல், கண்ணீர் விடாமல், ஐந்து நொடி அமைதியான பிறகு ஒரே ஓர் எழுத்துக்கு உதவி, அதன் பிறகு கார்டு. இரண்டாவது, "இத்தனை தடவ போதும் போதும்னா எப்ப எழுதுறது" என்று மூன்றாம் நாளே கார்டை அலமாரியில் ஒளித்துவைப்பது. கார்டு இல்லை என்றால் பழைய வழி இருக்கவே இருக்கிறது. மூன்றாவது, ஓர் எழுத்திலிருந்து நேரே ஒரு பக்கத்துக்குத் தாவுவது. கோடு சரிந்தால் முந்தைய படிக்குப் போய் இரண்டு நாள் அங்கேயே இருக்க வேண்டும்.

கடித்தால் வேலை நின்றுவிடும் என்ற பழைய வழி அடைபட்டவுடன் சில நாள் கடிப்பது கூடும். முன்பு எட்டு முறை என்றால் பதினைந்து ஆகலாம், அழுத்தமும் கூடலாம். எக்ஸ்டிங்ஷன் பர்ஸ்ட் என்று இதைச் சொல்வார்கள். அந்தச் சமயத்தில் "இன்னைக்கு மட்டும் விட்டுடலாம்" என்று நோட்டை மூடினால், லேசாகக் கடித்தால் கிடைக்காது, பலமாகக் கடித்தால் கிடைக்கும் என்று பாடம் நடத்திவிட்டோம். எப்போதாவது கிடைப்பது எவ்வளவு பிடிவாதமான நடத்தையை உண்டாக்கும் என்பதைச் சார்லஸ் ஃபெர்ஸ்டரும் ஸ்கின்னரும் 1957-இல் புறாக்களின் கொத்தல்களை லட்சக்கணக்கில் பதிவுசெய்து வெளியிட்டார்கள். பேக்கரி வாசலில் உருளும் பிள்ளைக்குப் பத்தில் ஒரு முறை க்ரீம் பன் வாங்கிக்கொடுப்பதும் எப்போதாவது கொடுக்கும் அதே முறைதான். தாங்க முடியாது என்று தெரிந்தால் தொடங்காமல் இருப்பது நல்லது. கார்டை நன்றாகக் கற்றுக்கொடுத்த பிறகு வழியை அடைத்தால் இந்த ஏற்றம் குறைவாகவே இருக்கும்; வெறும் அலட்சியப்படுத்தல் மட்டும் செய்வது பிள்ளைக்குக் கொடுமை.

பேச்சில் இதே தத்துவம் இன்னும் நுட்பமாக வேலை செய்கிறது. ஒரு சொல்லுக்கு ஒரு பொருள் என்று ஸ்கின்னர் வைக்கவில்லை. தாகத்தில் "தண்ணி" என்று கேட்பது ஒரு நடத்தை, மாண்ட். டம்ளரைப் பார்த்துத் "தண்ணி" என்று பெயர் சொல்வது வேறு நடத்தை, டாக்ட். ஒன்று வந்தால் மற்றது தானாக வந்துவிடாது. நாற்பது படத்துக்குப் பெயர் சொல்லும் பிள்ளை தாகத்தில் தலையை முட்டிக்கொள்வதைப் பார்த்து ஆச்சரியப்பட வேண்டியதில்லை. தாகம் உள்ளபோது கேட்கக் கற்றுக்கொடுக்கப்படவில்லை.

கற்றுக்கொடுக்கும்போது தமிழில் ஒரு குழி இருக்கிறது. "தண்ணி வேணுமா?" என்று கேட்டு, அவன் சொன்னவுடன் தண்ணீர் கொடுக்கிறோம். நாம் சொன்னதைத் திருப்பிச் சொல்லித்தான் அவன் கற்றுக்கொள்கிறான், ஆகவே ஆறு மாதம் கழித்தும் தாகம் எடுத்தால் "தண்ணி வேணுமா?" என்று நம்மிடமே கேட்பான். ஊரே "குழப்பிப் பேசறான்" என்னும். அவன் குழப்பவில்லை, நாம் கொடுத்ததைக் கொடுக்கிறான். உதவிச் சொல் அவன் வாயில் இருக்க வேண்டிய வடிவத்திலேயே இருக்க வேண்டும்: "தண்ணி வேணும்", அல்லது வெறும் "தண்ணி". அந்த 'ஆ'வை நாம்தான் விழுங்க வேண்டும். வகுப்பில் "வாட்டர்", வீட்டில் "தண்ணி" என்று இருந்தால் முதல் சில மாதங்களுக்கு வீட்டுச் சொல்லே போதும். பேச்சு பழகும் பிள்ளைக்கு ஆங்கிலத்தில் ஆணையிட்டுப் பழக்குவதை மனசார எதிர்க்கிறேன். அவனோடு நாளெல்லாம் பேசப்போவது பாட்டியும் பக்கத்து வீடும்.

இந்தத் துறையின் வரலாற்றில் மறைக்கக் கூடாத பக்கங்கள் உண்டு. 1949-இல் உளவியலாளர் பால் ஃபுல்லர், எதையும் கற்க முடியாது என்று கைவிடப்பட்ட 18 வயது இளைஞர் ஒருவர் கையை உயர்த்தும்போதெல்லாம் சர்க்கரை கலந்த பால் கொடுத்து, அவர் அதைக் கற்க முடியும் என்று காட்டினார். கற்கவே மாட்டார் என்ற தீர்ப்பை உடைத்தது பெரிய காரியம். அதற்காக அவரைப் பல மணி நேரம் பட்டினி போட்டதை இன்று யாரும் ஏற்க முடியாது. பிறகு உளவியலாளர் ஐவார் லோவாஸ் 1960-களில் ஆட்டிசம் உள்ள பிள்ளைகளிடம் அறைவதையும் மின் அதிர்ச்சியையும்கூடப் பயன்படுத்தினார். அவருடைய 1987 ஆய்வில் வாரம் 40 மணி நேரப் பயிற்சி பெற்ற 19 பிள்ளைகளில் 9 பேர் பள்ளியில் இயல்பாகச் சேர்ந்தார்கள் என்ற செய்தி உலகம் சுற்றியது. குழுக்களைக் குலுக்கல் முறையில் பிரிக்கவில்லை என்ற குறை அவ்வளவு சுற்றவில்லை. ஆட்டிசம் உள்ள பெரியவர்கள் இன்று சொல்லும் குற்றச்சாட்டில் நியாயம் இருக்கிறது: கை உதறுவதை நிறுத்து, கண்ணைப் பார், அசையாமல் உட்கார் என்று யாருக்கும் கெடுதல் இல்லாததையெல்லாம் திருத்தப் போனார்கள்.

தத்துவத்தின் பக்கம் திரும்பினால் இந்தத் தவறுகளுக்கு அங்கே ஆதரவு இல்லை. தண்டனை நடத்தையை அமுக்கிவைக்கும், மாற்று எதையும் கற்றுக்கொடுக்காது, பயத்தையும் தப்பி ஓடுவதையும் கூட்டி வரும் என்பதை ஸ்கின்னர் திரும்பத் திரும்ப எழுதினார். 1968-இல் இத்துறைக்கென்று தனி ஆய்விதழ் தொடங்கியபோது டொனால்ட் பேர், மான்ட்ரோஸ் வுல்ஃப், டாட் ரிஸ்லி மூவரும் எழுதிய கட்டுரை ஏழு இலக்கணங்களை வைத்தது. அவற்றில் ஒன்று, செய்முறையை அடிப்படைக் கோட்பாட்டோடு பிணைத்துச் சொல்ல வேண்டும் என்பது; இல்லாவிட்டால் அது வித்தைகளின் மூட்டையாகிவிடும். இன்னொன்று, எடுத்துக்கொள்ளும் நடத்தை அந்த மனிதருக்கு முக்கியமானதாக இருக்க வேண்டும் என்பது. 1978-இல் வுல்ஃப் இன்னும் ஒரு படி போய், இலக்கும் முறையும் விளைவும் சம்பந்தப்பட்டவர்களுக்குச் சம்மதமா என்று கேட்டே தீர வேண்டும் என்றார். பேச முடியாத பிள்ளையின் சம்மதத்தையும் பார்க்க முடியும்: அறைக்கு ஓடி வருகிறானா, வாசலிலேயே அம்மா சேலையைப் பிடித்துக்கொள்கிறானா? ஒரு வாரம் வாசலில் அழுதால் கிராஃப் எவ்வளவு அழகாக இருந்தாலும் திட்டத்தை நிறுத்திவிட்டுப் பார்க்க வேண்டும். சென்டர் தேடும் பெற்றோர் கேட்க வேண்டிய முதல் கேள்வி "என்ன காரணத்துக்காகச் செய்கிறான் என்று எப்படிக் கண்டுபிடிப்பீர்கள்?" என்பது. "ரெண்டு மாசத்துல நிறுத்திடலாம்" என்று பதில் வந்தால், கேட்ட கேள்விக்கு அது பதில் இல்லை.

கடைசியாக, கற்றது இடம் மாறுமா என்ற விஷயம். அறையில் வந்துவிட்டால் ஊரெல்லாம் வந்துவிடும் என்று நம்பி உட்கார்ந்திருப்பதை 1977-இலேயே ட்ரெவர் ஸ்டோக்ஸும் டொனால்ட் பேரும் கண்டித்தார்கள். நடத்தை பிள்ளைக்குள்ளே சேமித்து வைக்கப்படும் சரக்கு இல்லை என்பதால், சூழல் மாறினால் நடத்தை காணாமல்போவது இயல்பு. முதலியார்பேட்டை மேசையில் கார்டு நீட்டுகிறவன், லீவுக்கு நெல்லிக்குப்பம் பாட்டி வீட்டுக்குப் போனவுடன் மறுபடி கடிப்பான். அங்கே கார்டும் இல்லை, கார்டுக்குப் பதில் சொல்லத் தெரிந்தவரும் இல்லை. எனவே மூன்றாவது வாரத்திலிருந்தே ஆளை மாற்ற வேண்டும், அறையை மாற்ற வேண்டும், நோட்டுக்குப் பதில் முடி வெட்டும் நாற்காலி, கோயில் வரிசை, கடலூர் பஸ் என்று 'போதும்' தேவைப்படும் வேறு இடங்களைச் சேர்க்க வேண்டும். பஸ்ஸில் இறங்கிவிட முடியாது. அங்கே கார்டு நீட்டினால் காதை மூடும் ஹெட்போன் கிடைக்கும் என்று வீட்டிலேயே பழக்கிவிட்டுத்தான் ஏற வேண்டும். லேமினேஷன் கடைக்குப் போகும் முதல் நாளே நான்கு பிரதி போட்டுவிடுங்கள். ஒன்று மேசையில், ஒன்று பள்ளிப் பையின் முன் ஜிப்பில், ஒன்று அம்மாவின் கைப்பையில், ஒன்று பாட்டி வீட்டுச் சமையலறை ஆணியில், பையன் கைக்கு எட்டும் உயரத்தில்.